முதலில் மாலை, பிறகு மரணம்

தொலைக்காட்சித் தொடர்களில் ஒருவர் இறந்த பிறகுதான் அவருடைய படத்துக்கு மாலை போடுகிறார்கள் என்று இந்த நாட்டில் கோடிக்கணக்கானவர்கள் நம்பிக்கொண்டிருக்கிறார்கள். தவறு. இந்தத் தவறான நம்பிக்கையோடு உங்களை நான் இந்த வீட்டிலிருந்து அனுப்பமாட்டேன். முதலில் மாலை. பிறகுதான் மரணம். நடிகருக்கு வேறு கம்பெனியில் வாய்ப்பு வந்திருக்கும், அல்லது தயாரிப்பாளரிடம் முறைத்துக்கொண்டு போயிருப்பார். புரொடக்‌ஷன் மேனேஜர் அன்றைக்கே அவருடைய படத்தைச் சட்டம் போடக் கொடுத்துவிடுவார். மாலையும் வாங்கிச் சுவரில் மாட்டிவிடுவார்கள். அதற்குப் பிறகு எனக்கு போன் வரும். "ஐயா, பெரியவர் போயிட்டாருங்க. எப்படிப் போனாருன்னு நாளைக்குள்ள எழுதிக் குடுத்துருங்க." நான் எழுதிக் கொடுப்பேன். மாரடைப்பு, லாரி, ஒருமுறை காசியாத்திரை. இப்படிப் பதினொரு பேரை அனுப்பிவைத்திருக்கிறேன். அதில் லாரி மட்டும் நான்கு.

ஏன் சிரிக்கிறீர்கள்?

உட்காருங்கள். அந்த ஸ்டூல் ஆடும், நாற்காலியில் உட்காருங்கள். காலை பத்து மணிக்கு வருவதாகச் சொன்னீர்கள். இப்போது மாலை மணி ஆறே முக்கால். குறித்த நேரம் என்பது கடிகாரத்துக்கு அன்று, மனிதனுக்கு. மறுபடியும் சிரிக்கிறீர்கள். கேபிள் கம்பெனியில் இதற்குத்தான் ஆள் எடுக்கிறார்களா? பெயர் என்ன? பிலவேந்திரன். நல்ல பெயர். திருச்சிப் பக்கமா? தெரிந்தது.

வந்ததிலிருந்து என்னையும் அந்தச் சுவரையும் மாறி மாறிப் பார்க்கிறீர்கள். அங்கே என் படம் மாட்டியிருந்தது. அதனால்தான் அந்த இடம் மட்டும் வெளுப்பாக இருக்கிறது. அதற்கும் வருகிறேன்.

இணைப்பைத் துண்டிக்க வேண்டும். அவ்வளவுதான் வேலை. படிவத்தில் 'காரணம்' என்று போட்டு ஒரு கோடு விட்டிருக்கிறீர்கள். ஒரு கோட்டில் அடங்கும் காரணத்துக்காக எவனாவது இணைப்பைத் துண்டிப்பானா? நான் சொல்கிறேன், நீங்கள் சுருக்கிக்கொள்ளுங்கள்.

நான் எழுதுவது போலவேதான் பேசுவேன். இருபத்திரண்டு ஆண்டு டுடோரியல் கல்லூரியில் தமிழ் நடத்தியவன். தேர்வில் தோற்றவர்களுக்கு நடத்தியவன். தோற்காதவர்களுக்கு எவன் வேண்டுமானாலும் நடத்தலாம். அப்படி என்னிடம் பத்தாம் வகுப்புத் தமிழை மூன்றாம் முறை எழுதித் தேறியவர்தான் கோதண்டம். 'புகுந்த வீட்டுப் பூங்கொடி' தயாரிப்பாளர். தலைப்பு நான் வைத்தது. மோனையைக் கவனித்தீர்களா? கவனித்திருக்கமாட்டீர்கள்.

டுடோரியலை மூடிய பிறகு கோதண்டம் வந்து, "ஐயா, நீங்கதான் வசனம் எழுதணும்" என்று காலில் விழுந்தார். எழுதினேன். மூன்று ஆண்டு, எண்ணூற்று நாற்பது பகுதி. தொடக்கத்தில் பெயர்கள் ஓடும் அல்லவா, அதில் 'வசனம்: வித்துவான் மா. பொன்னரங்கம்' என்று போடச் சொன்னேன். இடம் போதவில்லை என்று வித்துவானை எடுத்துவிட்டார்கள். மீதிப் பெயர் ஒன்றரை வினாடி திரையில் நிற்கும். நான் அளக்கவில்லை. என் மனைவி தேவகுஞ்சரி அளந்து சொன்னாள். நான் அந்தத் தொடரை ஒருநாளும் பார்த்ததில்லை. எழுதியவன் பார்க்கக்கூடாது என்பது என் கொள்கை. ஆனால் அந்த ஒன்றரை வினாடி எனக்கு வேண்டும். இருபத்திரண்டு ஆண்டு, தோற்றவர்களின் மதிப்பெண் பட்டியலில் கையெழுத்துப் போட்டவன் நான். என் பெயர் வேறு எங்கும் வந்ததில்லை. இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், கதை முழுவதும் அந்த ஒன்றரை வினாடி பற்றியதுதான்.

இனி வேலை நடக்கும் விதத்தைச் சொல்லவேண்டும். நான் மைப்பேனாவில்தான் எழுதுவேன். எழுத்துச் சீர்திருத்தம் என்று ஒன்று கொண்டுவந்தார்களே, அதை நான் ஏற்கவில்லை. என் லை-க்கும் ணை-க்கும் முன்னால் இன்றும் யானைத் துதிக்கை உண்டு. படப்பிடிப்பில் ஒருவனுக்கும் அதைப் படிக்கத் தெரியவில்லை. டைப் அடிக்க ஒருவரை வைத்தார்கள், ஒரே வாரத்தில் கண்வலி என்று ஓடிவிட்டார். கடைசியில் குஞ்சரிதான் வழி சொன்னாள். "நான் வாசிச்சு போன்ல பதிஞ்சு அனுப்பிடுறேங்க." என் கையெழுத்து அவளுக்குப் பழக்கம். திருமணமான முதலாண்டு முழுவதும் உட்காரவைத்துக் கற்றுக்கொடுத்தேன். ஒன்பதாம் வகுப்பு வரை படித்தவள், மன்னார்குடிப் பக்கம். தேனிலவு என்ற வழக்கம் அப்போது எங்களிடையே இல்லை.

தினமும் நான்கு மணிக்கு நான் நடைக்குப் போவேன். அவள் அடுக்களையில் நின்றபடி என் தாள்களை வாசித்து வாட்ஸ்அப்பில் அனுப்பிவிடுவாள். போரூரில் ஷூட்டிங் வீடு. அங்கே டில்லிபாபு என்று ஓர் உதவி இயக்குநர். அவர் ஒரு காதில் அதைக் கேட்டுக்கொண்டே வாய்விட்டுச் சொல்லுவார். நடிகர்கள் அதைக் கேட்டு அப்படியே திருப்பிச் சொல்லுவார்கள். தொடரில் எவரும் மனப்பாடம் செய்வதில்லை. அங்கே ஒருவருக்கும் வசனம் தெரியாது, கேட்கும், சொல்லுவார்கள். கிளிக்கூண்டு என்று நினைத்துக்கொள்ளுங்கள்.

தொடர் ஓடியது. சாதாரணமாக ஓடவில்லை, எல்லா வீட்டிலும் ஓடியது. உங்கள் அம்மாவும் பார்க்கிறார்களா? சரி.

ஒருநாள் இஸ்திரி போடுகிறவர் என்னைப் பிடித்துக்கொண்டார். "ஐயா, அந்த இட்லி வசனம் இருக்கே, என் சம்சாரம் ரெண்டு நாளா அதையே சொல்லிட்டிருக்கா." நான் இட்லி பற்றி எதுவும் எழுதவில்லை. பர்வதவர்த்தினி என்கிற மாமியார் பாத்திரத்துக்கு நான் எழுதியது இது: 'என் கணவனை இழந்த அன்றுகூட நான் இத்துணைத் துயரம் அடைந்தேனில்லை.' இஸ்திரிக்காரர் கேட்டது இது: "அவரு போன அன்னிக்குக்கூட நான் ரெண்டு இட்லி சாப்ட்டேன்டி. இன்னிக்கு முழுங்க முடியல."

கணவன் இறந்த அன்று ஒரு பெண்மணி இட்லி சாப்பிட்டாளாம். அதை எண்ணிவேறு வைத்திருந்தாளாம்.

பிறகு மேல்வீட்டு அம்மாள். அவருக்குப் பிடித்தது பால் வசனமாம். நான் எழுதியது: 'மருமகளே, உன் கவனமின்மை இவ்வில்லத்தின் மாண்புக்கு இழுக்கு.' திரையில் வந்தது: "அடுப்புல பால வச்சிட்டு போன்ல பேசுறியே, பொங்குறது பாலா என் வயிறான்னு ஒரு தடவ திரும்பிப் பாருடி."

எனக்குப் புரிந்துவிட்டது. பர்வதவர்த்தினியாக நடித்த ஹேமசித்ரா என் வசனத்தை மாற்றுகிறாள். போதாக்குறைக்கு ஏதோ ஒரு பேட்டியில், "எனக்கு அந்த நேரத்துல தானா வருது சார்" என்று சொல்லியிருக்கிறாள். தானாக வருகிறதாம்! தானாக வருவதற்கு அது என்ன, தும்மலா?

கோதண்டத்துக்குப் பதினொரு பக்கத்தில் கடிதம் எழுதினேன். பர்வதவர்த்தினியைப் பத்து நாளுக்குள் கொன்றுவிட வேண்டும், படத்துக்கு மாலை போட ஏற்பாடு செய்க, மரணத்தை நான் பார்த்துக்கொள்கிறேன் என்று தெளிவாக எழுதினேன். கடிதத்தையும் அங்கே ஒருவராலும் படிக்க முடியாது அல்லவா, ஆகவே அதையும் குஞ்சரியே வாசித்து அனுப்பினாள். மூன்றாம் நாள் கோதண்டம் நேரில் வந்து எனக்குப் பொன்னாடை போர்த்தினார். கொலை பற்றி ஒரு சொல் இல்லை. ஆனாலும் கடிதம் வேலை செய்திருக்கிறது என்று நினைத்தேன்.

பின்னால்தான் தெரிந்தது. பதினொரு பக்கத்தை அவள் வாசித்த விதம் இதுதான்: "கோதண்டம் தம்பி, ஐயா கொஞ்சம் மனசு சரியில்லாம இருக்காரு. ஒரு பொன்னாடை எடுத்துட்டு வந்து போத்திட்டுப் போங்க, சரியாயிடும்."

சிரியுங்கள், சிரியுங்கள். உங்களுக்கென்ன.

ஹேமசித்ராவின் மாற்றங்கள் நிற்கவில்லை. இரண்டு ஆண்டு பொறுத்தேன். ஒரு செவ்வாய்க்கிழமை, சொல்லாமல் கொள்ளாமல் போரூர் போய் இறங்கினேன். கையும் களவுமாகப் பிடிப்பது என் எண்ணம். கூடத்தில் படப்பிடிப்பு நடந்துகொண்டிருந்தது. மகன் வீட்டை விட்டுப் போகிறான், தாய் அழவேண்டும். நான் தூணுக்குப் பின்னால் நின்றேன். "சைலன்ஸ்" என்றார்கள். டில்லிபாபு காதில் ஒயரை மாட்டிக்கொண்டு போனைத் தட்டினார். ஒயர் கழன்றுவிட்டது.

கூடம் முழுக்க என் மனைவியின் குரல்.

"போறியா, போ. கதவ மட்டும் சாத்திட்டுப் போகாத. நீ சாத்துனா திறக்க எனக்குக் கை வராது..." சொல்லிவிட்டு ஒரு பெருமூச்சு. அந்தப் பெருமூச்சுக்கு ஹேமசித்ரா தலையை ஆட்டிக்கொண்டாள், சங்கீதக் கச்சேரியில் ஆட்டுவது போல. அப்புறம் போனில் குக்கர் விசில் அடித்தது. என் வீட்டுக் குக்கர். நான்காவது விசிலுக்கு முன்னால் அது ஓர் இழுப்பு இழுக்கும், எங்கே கேட்டாலும் எனக்குத் தெரியும். கேமராமேன் சொன்னார்: "அக்கா குக்கர் வச்சிருக்காங்க, ஒரு நிமிஷம்." நாற்பது பேர் அசையாமல் நின்றார்கள். என் வீட்டுப் பருப்பு வேகட்டும் என்று ஒரு படப்பிடிப்பே காத்துக்கொண்டிருந்தது.

விசில் நின்றது. மறுபடி அவள் குரல்: "அவ்ளோதான் டில்லி. ஹேமாவ ரொம்பக் கத்தி அழ விடாத, பல்ல கடிச்சிட்டு அழச் சொல்லு. வயித்துவலி எப்படி இருக்கு உனக்கு? மோர் குடிச்சியா?"

"குடிச்சேங்க்கா" என்றார் டில்லிபாபு, போனைப் பார்த்து.

அப்போதுதான் என்னைப் பார்த்தார்கள். எனக்கு ஒரு நாற்காலி போட்டார்கள். "சார் யாரு?" என்று ஹேமசித்ரா கேட்டாள். "அக்காவோட வீட்டுக்காரர்" என்று யாரோ சொன்னார்கள். வசனகர்த்தா என்று சொல்லவில்லை. எண்ணூற்றுச் சொச்சம் பகுதி!

வீட்டுக்கு வந்ததும் கேட்டேன்.

"எத்தனை நாளாக இது நடக்கிறது?"

அவள் கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். நிமிரவில்லை. "ரெண்டாவது மாசத்துலேர்ந்து."

"ஏன் என்னிடம் சொல்லவில்லை?"

"ஒருநாள் டிவியப் போட்டுப் பாத்திருந்தீங்கன்னா நான் சொல்லவே வேணாமே."

"நான் எழுதியதை மாற்ற உனக்கு யார் உரிமை கொடுத்தது?"

"முதல் மாசம் நீங்க எழுதுனத அப்படியேதான் வாசிச்சேன். கோதண்டம் தம்பி போன் பண்ணி அழுதுச்சு. நிறுத்திடப் போறோம்க்கா, ஐயாட்ட எப்படிச் சொல்றதுன்னு தெரியலன்னுச்சு. நான்தான் ஒரு வாரம் பொறுங்கன்னேன்." கீரைத்தண்டை ஒடித்தாள். "உங்க பேருதானே வருது. வந்துட்டுப் போகட்டும். பேரு வந்தா நீங்க சாயங்காலம் கடுகடுன்னு இல்லாம இருக்கீங்க. எனக்கு அது போதும்னு இருந்துச்சு."

பாருங்கள், குற்றம் செய்தவளின் பேச்சை. மன்னிப்பு என்று ஒரு சொல் வரவில்லை. நானும் விடவில்லை. அந்த இட்லியைப் பற்றிக் கேட்டேன். "கணவன் இறந்த அன்று ஒருத்தி இட்லி சாப்பிடுவாளா? இது எந்த ஊர் வழக்கம்?"

"எங்கப்பா செத்தப்ப எங்கம்மா சாப்ட்டாங்க. மாத்திரை போடணுமில்ல" என்றாள்.

வீட்டுச் சாவை எடுத்து விற்றிருக்கிறாள் என்று சொன்னேன். அவள் எழுந்து கீரையை அலசப் போய்விட்டாள்.

மறுநாளிலிருந்து போனை நான் வாங்கிக்கொண்டேன். என் வசனத்தை நானே வாசித்துப் பதிந்தேன். ஏற்ற இறக்கத்தோடு, நிறுத்தற்குறிகளையும் சொல்லி. 'மகனே, காற்புள்ளி, நீ இவ்வில்லத்தை நீங்குவாயாகில், காற்புள்ளி.' ஹேமசித்ரா இருபத்தேழு முறை எடுத்தாளாம். 'அடைந்தேனில்லை' வரும்போதெல்லாம் நாக்குச் சுளுக்கிக்கொண்டதாம். கடைசியில் உண்மையாகவே அழுதிருக்கிறாள். அழவேண்டிய காட்சிதானே, பிறகென்ன குறை? டில்லிபாபு எனக்கொரு பதிவு அனுப்பினார்: "ஐயா, காற்புள்ளியையும் சேத்துச் சொல்லிட்டாங்க, டப்பிங்ல எடுத்துருவோம். அக்கா இல்லீங்களா?"

வியாழக்கிழமை தோறும் எத்தனை பேர் பார்த்தார்கள் என்று சேனலில் கணக்கு வரும். முதல் வியாழன் பாதியானது. இரண்டாம் வியாழன் அதில் பாதி. காரணம் மழை என்று நான் சொன்னேன். மழை பெய்தால் மக்கள் வீட்டில்தானே இருப்பார்கள் என்று கோதண்டம் கேட்டார். இரண்டு முறை தோற்றவரோடு என்ன வாதம்?

அடுத்த நாள் அவர் வீட்டுக்கு வந்தார். தட்டு நிறையப் பழம், வெற்றிலைபாக்கு, பூ. பூ இருந்தபோதே எனக்கு உறைத்திருக்க வேண்டும். நீங்கள் உட்கார்ந்திருக்கும் அதே நாற்காலியில் உட்கார்ந்து என்னைப் பார்த்து வணக்கம் சொன்னார், பிறகு அடுக்களைப் பக்கம் திரும்பி, "அக்கா, கொஞ்சம் வாங்களேன்" என்றார். தட்டை அவளிடம் நீட்டினார்.

"ஐயா ஓய்வெடுக்கட்டும்க்கா. நீங்க நேரா செட்டுக்கே வந்துருங்க. பேரும் உங்க பேராவே போட்டுரலாம்."

நான் எழுந்து நின்றேன். "கோதண்டம், என் பெயரை எடுத்துவிட்டு இவள் பெயரைப் போட்டால் நான் நீதிமன்றம் போவேன். இவளுக்கு என் அனுமதி கிடையாது. குஞ்சரி, உள்ளே போ. இன்றைக்குச் சொல்கிறேன், நீ பேசுகிற பேச்சு அடுக்களைப் பேச்சு. அதை எழுத்து என்று எவனும் சொல்லமாட்டான்."

அவள் உள்ளே போகவில்லை. தட்டை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டாள். பிறகு கோதண்டத்திடம் கேட்டாள்.

"நாளைக்கு எத்தன மணிக்கு வண்டி வரும் தம்பி?"

அவ்வளவுதான். மூன்று மாதமாயிற்று. காலை ஏழரைக்கு வாசலில் வேன் வந்து ஒலி எழுப்புகிறது. முதல் நாள் கதவைத் திறந்தபோது அந்த டிரைவர், "அக்கா வீடுதானே? நீங்க யாரு, வாடகைக்கு இருக்கீங்களா?" என்று கேட்டான். சாப்பாடு மேசையில் மூடியிருக்கும். பேச்சு மட்டும் இல்லை. நான் சீட்டு எழுதி வைக்கிறேன், 'சாம்பாரில் உப்பு மிகுதி' என்பது போல. பதில் வராது, ஆனால் மறுநாள் உப்பு குறைந்திருக்கும். ஏழு மணித் தொடரை மட்டும், வீட்டில் இருக்கும் நாளெல்லாம், என் எதிரிலேயே உட்கார்ந்து பார்க்கிறாள். நான் அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொள்வேன். இன்று அவள் வர எட்டு மணியாகும். அதற்குள் துண்டித்துவிட வேண்டும் என்பதால்தான் உங்களைக் காலை பத்து மணிக்கு வரச் சொன்னேன்.

ஆனால் ஒன்று. உண்மை தானாக வெளியே வந்துவிடும். இந்த மூன்று மாதமாகத்தான் ஊருக்கு என்னைத் தெரிகிறது. பெயரை எடுத்த பிறகு! காய்கறிக் கடையில் ஒரு பெண், "ஐயா, ஏதாவது பேசுங்களேன், எங்க பாப்பா கேக்கட்டும்" என்றாள். கத்தரிக்காய் வாங்கும்போது அதன் காம்பு பற்றி இரண்டு சொற்கள் சொன்னேன். கடையே கைதட்டியது. இஸ்திரிக்காரரின் மனைவி, "அந்த அன்று, அன்றுன்னு சொல்வீங்களே, ஒரு தடவ சொல்லுங்க" என்று கேட்டு வாங்கிக்கொண்டு போகிறாள். நல்ல தமிழுக்கு மக்கள் ஏங்குகிறார்கள் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமா? நேற்றிரவிலிருந்து மேல்வீட்டு அம்மாள்கூட என்னைப் பார்க்கும்போதெல்லாம், "நல்லா இருக்கீங்களாய்யா, உடம்புக்கு ஒண்ணுமில்லையே?" என்று கண்கலங்கக் கேட்கிறார். அப்படி அவர் கேட்டதே கிடையாது.

அவளும் இறங்கி வருகிறாள். படத்துக்கு வருகிறேன் என்றேனே. டுடோரியலில் பிரிவுபசாரத்தின்போது எடுத்த படம், அங்கவஸ்திரத்தோடு. பத்து நாளுக்கு முன்னால் அவள் ஸ்டூல் போட்டு ஏறி அதைக் கழற்றினாள். நான் பார்த்துக்கொண்டிருந்தேன். "சட்டம் உளுத்துப்போச்சு. மாத்தக் குடுக்குறேன்" என்றாள். மூன்று மாதத்தில் என்னிடம் அவள் பேசிய ஒரே வாக்கியம். என் படத்தின்மேல் அக்கறை வந்திருக்கிறது என்றால் என்ன பொருள்? நான் அதைச் சமாதானத்தின் தொடக்கமாக எடுத்துக்கொண்டேன். கடைக்காரன்தான் இன்னும் தரவில்லை. இந்த ஊரில் எவன் குறித்த நேரத்துக்குத் தருகிறான்?

நீங்கள் ஏன் தரையைப் பார்க்கிறீர்கள்?

சரி, துண்டியுங்கள். என்ன? பெட்டியின் எண் திரையில் வருமா? போட்டுப் பார்த்துக் குறித்துக்கொள்ள வேண்டுமா? வேறு வழி இல்லையா? மணி ஏழு ஐந்து, சரியாக அந்தச் சனியன் ஓடும் நேரம். போடுங்கள். எண்ணைக் குறித்துக்கொண்டு உடனே அணைத்துவிட வேண்டும். ஒலியைக் குறையுங்கள்.

இருங்கள். குறைக்க வேண்டாம். யார் இது பேசுவது?

"சம்பந்தியம்மா, சட்னியில் கறிவேப்பிலை என்பது அழகுக்கு அன்று, மணத்துக்கு."

கேட்டீர்களா! தமிழ்! அந்தக் கம்பெனியில் இன்னும் ஒருவருக்காவது தமிழ் தெரிந்திருக்கிறது. யார் இந்தப் பாத்திரம்? மருமகள் பூங்கொடியின் அப்பாவா? என் காலத்தில் அவளுக்கு அப்பா கிடையாது. புதிதா? தமிழ் வாத்தியாரா? போனில் மட்டும்தான் பேசுவாரா, முகமே காட்டமாட்டார்களா? சிக்கனம். மூன்று மாதமாக வருகிறாரா? எல்லோரும் சிரிப்பார்களா? எதற்குச் சிரிக்க வேண்டும், சரியாகத்தானே பேசுகிறார்?

பின்னே ஏன் எல்லோரும் அழுதுகொண்டிருக்கிறார்கள்? இறந்துவிட்டாரா? நேற்றா? அப்படியானால் இப்போது கேட்டது பழைய பேச்சு, நினைத்துப் பார்க்கிறார்கள். எப்படி இறந்தார்? லாரியின் பின்னால் எழுதியிருந்ததில் பிழை இருந்ததாம், அதைத் திருத்தச் சொல்ல நடுச்சாலையில் இறங்கினாராம். லாரி. என்னிடமிருந்து எடுத்தது அது. அதையும் விடவில்லை.

இவள்தான் ஹேமசித்ரா. இவள் மட்டும் அழவில்லை பாருங்கள். பல்லைக் கடித்துக்கொண்டு நிற்கிறாள். என்ன சொல்லுகிறாள்?

"போன் வந்தாலே எனக்குப் பத்திக்கிட்டு வரும். இன்னிக்குக் காலைலேர்ந்து அது அடிக்கவே இல்ல... தட்ட வைங்கடி. நாலு இட்லி வைங்க. இன்னிக்குப் பசிக்குது எனக்கு."

நாலு.

கேமரா எங்கே போகிறது? சுவருக்கு. அகல்விளக்கு, ஊதுபத்தி, சாமந்தி மாலை. முகமில்லாதவருக்குப் படம் எங்கிருந்து...

அங்கவஸ்திரம்.

நீங்கள் ஏன் எழுந்து நிற்கிறீர்கள், பிலவேந்திரன்? உட்காருங்கள்.

சட்டம் மாற்றக் கொடுக்கிறேன் என்று சொன்னாள். மாற்றியிருக்கிறாள். தேக்கு.